மெக்சிகோ அம்மையாருக்கு ஒரு ஒத்திகைத் தோள்

ஷார்ஜாவின் முவைலாவில், ஒரு சூப்பர் மார்க்கெட்டின் மாடியில் இருக்கிறது அமீரக அனைத்துலகத் திரைக்கலை வாழ்நாள் சாதனையாளர் கௌரவப் பேரவை. பெயர்ப்பலகை கட்டடத்தைவிட நீளமாகிப் போனதால் 'கௌரவப்' வரைக்கும் முன்சுவரில் இருக்கும். 'பேரவை'யைப் படிக்க வேண்டுமானால் மூலை திரும்பி சலூன் பக்கம் போக வேண்டும். பேரவையில் சாதாரண உறுப்பினர் என்று ஒருவர்கூடக் கிடையாது. தலைவர், நிறுவனத் தலைவர், மூத்த துணைத் தலைவர், மிக மூத்த துணைத் தலைவர் என்று ஆளுக்கொரு பதவி. பதவி கொடுக்காவிட்டால் மனிதன் கோபித்துக்கொண்டு போய் இன்னொரு பேரவை ஆரம்பித்துவிடுவான். அபுதாபிக்காரர்கள் அப்படி ஆரம்பித்தவர்கள்தான்.

இந்தக் கூட்டத்திடம் யோகம்மா மாட்டிக்கொண்டாளே, அதை நினைத்தால் எனக்கு இன்றைக்கும் பற்றிக்கொண்டு வருகிறது.

யோகம்மா பருத்தித்துறைக்காரி. அறுபதை நெருங்குகிற வயது. பேரவைத் தலைவர் அருள்ராஜ் வீட்டில் சமையல், துப்புரவு, துணி, நாய் எல்லாம் அவள் பொறுப்பு. அருள்ராஜ் கல்யாணங்களுக்குக் கூடாரமும் ஏசியும் வாடகைக்கு விடுகிறவர். யோகம்மாவின் விசாவுக்கு அவர்தான் கஃபீல், அதாவது பொறுப்பேற்ற முதலாளி. அவளுடைய பாஸ்போர்ட் அவருடைய ஆபீஸ் இரும்புப் பெட்டிக்குள் இருந்தது. "உங்க நன்மைக்குத்தாம்மா, அங்க பத்திரமா இருக்கும்" என்றார். உண்மைதான். அதற்குச் சொந்தக்காரி கண்ணில்கூடப் படாத அளவுக்குப் பத்திரமாக இருந்தது.

ஊரில் அவளுக்கு ஒரே மகள் சிவரூபி. இரண்டு தடவை வயிற்றில் தங்கிக் கலைந்துபோய், மூன்றாவது தடவை தங்கியிருந்தது. மருமகன் ரஜிதன் கொழும்பில் பஸ் ஓட்டுகிறான். பக்கத்தில் இருந்து பார்க்க ஆளில்லை. "பிள்ளைப்பேத்துக்கு நான் வந்து நிப்பன், நீ ஒண்டுக்கும் யோசியாதை" என்று யோகம்மா வாக்குக் கொடுத்திருந்தாள். அருள்ராஜும் லீவுக்குத் தலையாட்டியிருந்தார். தேதியை மாற்றிக்கொள்ளக்கூடிய டிக்கெட் ஒன்றையும் அவள் வாங்கி போனில் வைத்திருந்தாள். பாஸ்போர்ட் ஒன்றுதான் பாக்கி.

அந்த நேரம் பார்த்து அபுதாபிப் பேரவைக்காரர்கள் துருக்கியிலிருந்து ஒரு நடிகரைக் கூட்டிவந்து பொன்னாடை போர்த்திவிட்டார்கள். இங்கே அவசரக் கூட்டம். நெறிமுறைக் குழுத் தலைவர் சரவணகுமார் உலக வரைபடத்தை மேசையில் விரித்தார்.

"துருக்கி இங்கேருந்து நாலு மணி நேரம்தான். அது ஒரு தூரமா சார்? நாம ரெண்டு ஃப்ளைட் மாறி வர்ற ஆளா பிடிக்கணும். வந்து இறங்கும்போதே ஆள் களைச்சுப் போயிருக்கணும். அப்பத்தான் பேரவைக்குக் கௌரவம்."

விரல் வரைபடத்தில் மேற்கே நகர்ந்து, கடல் தாண்டி, மெக்சிகோவில் நின்றது. வலையில் தேடியதில் ரெமேதியோஸ் அரியாகா என்றொரு நடிகை கிடைத்தார். எழுபத்தெட்டு வயது. பதினாறு வயதில் நடிக்க வந்தவர், இன்னும் நடித்துக்கொண்டிருக்கிறார். இத்தனை வருஷம் ஒரே தொழிலில் இருந்தது போதாதா? ஏகமனதாகத் தேர்வானார்.

"அவங்க படம் யாராச்சும் பார்த்திருக்கோமா?" என்று ஒரு துணைத் தலைவர் கேட்டுவிட்டார். பாவம், புதிதாகச் சேர்ந்தவர்.

அருள்ராஜ் கண்ணாடியைக் கழற்றினார். "பார்த்துட்டு விருது கொடுத்தா அதுக்குப் பேரு விமர்சனம். பார்க்காம கொடுக்கிறோம் பாருங்க, அதுதான் மரியாதை."

எல்லோரும் கைதட்டினார்கள்.

டீ கொண்டுவந்த யோகம்மாவும் தட்டோடு ஒரு நிமிஷம் நின்றாள். அங்கேதான் சனி பிடித்தது. சரவணகுமார் அவளுடைய தோளையே உற்றுப் பார்த்தார்.

போன வருஷ விழாவில் ஒரு வில்லன் நடிகருக்குப் போர்த்திய பொன்னாடை தோளிலிருந்து வழுக்கிக் குத்துவிளக்கில் விழுந்துவிட்டது. பொன்னாடை எரிந்து, புகை கிளம்பி, கூரையிலிருந்த தீயணைப்புக் குழாய் திறந்து, மண்டபம் முழுக்கத் தண்ணீர். மிக மூத்த துணைத் தலைவரின் தலைச் சாயம் சட்டையில் வழிந்ததை யாரோ வீடியோ எடுத்துப் போட, வளைகுடா முழுக்கச் சிரித்தது. அது போதாதென்று, அந்த வில்லன் காருக்குப் போகும் வழியில் கேமராவைப் பார்த்துத் திரும்பி, "என் ரிட்டர்ன் டிக்கெட் எங்கய்யா?" என்று வேறு கேட்டுவிட்டார். அன்றிலிருந்து ஒத்திகை இல்லாமல் எதுவும் கூடாதென்று சரவணகுமார் விதி எழுதிவிட்டார். வலையில் போட்டிருந்த மெக்சிகோ அம்மையாரின் உயரமும் யோகம்மாவின் உயரமும் ஒன்றாக இருந்தன. தோளும் அதே சரிவு.

"அப்படியே நில்லுங்கம்மா, அசையாதீங்க!" என்றார் சரவணகுமார். "சார், நம்ம அம்மையார் கிடைச்சிட்டாங்க."

"ஐயா, நான் அடுத்த கிழமை ஊருக்குப் போறன்" என்றாள் யோகம்மா.

"விழா முடிஞ்ச மறுநாளே போங்க" என்றார் அருள்ராஜ். "உலக நடிகையோட தோளா நிக்கிற பாக்கியம் உங்க ஊர்ல யாருக்குக் கிடைச்சிருக்கு?"

ஒத்திகை ஆரம்பமானது. சலூனுக்கு மேலிருந்த ஹாலில் யோகம்மாவை நிறுத்தி, பேரவையின் ஒவ்வொரு பதவியும் வந்து அவள்மேல் ஒரு பொன்னாடை போர்த்தியது. போர்த்தியதும் கேமராவைப் பார்த்துச் சிரிக்க வேண்டும், அவள் கும்பிட வேண்டும். பாதியிலேயே கழுத்து மறைந்தது. மிக மூத்த துணைத் தலைவர் போர்த்தும்போது மூக்கும் மறைந்துவிட்டது. உள்ளேயிருந்து, "ஐயா, மூச்சு முட்டுது" என்று சத்தம் வந்தது. "அம்மையார் நெகிழ்ச்சியில் பேச்சிழந்தார்னு இந்த இடத்துல அறிவிப்பு வரும்" என்று சரவணகுமார் குறித்துக்கொண்டார்.

அடுத்து நடை, விழா மண்டபத்திலேயே. மேடையிலிருந்து இறங்கி, இடப்பக்கக் கதவு வழியாக, வெளியே நிற்கிற காருக்குப் போக வேண்டும். சரவணகுமார் ஒவ்வொரு நாளும் அதே பாடத்தைச் சொன்னார்:

"கார் கதவு மூடுற வரைக்கும் கேமரா ஓடும். திரும்பிப் பார்க்கக் கூடாது. யாரும் குறுக்கே போகக் கூடாது, கூப்பிடக் கூடாது, தொடக் கூடாது. அம்மையார் எதைக் கேட்டாலும் 'யெஸ் மேடம்'. டிரைவர், அவங்க சொல்ற இடத்துக்கு வண்டி போகணும். ஏன் எதுக்குன்னு கேக்கப்படாது."

டிரைவர் வைரவன் சிவகங்கைப் பக்கத்து ஆள். கூடாரக் கம்பிகளை லாரியில் ஏற்றிக்கொண்டிருந்தவனுக்கு ஒரு கோட்டை மாட்டி, வாடகைக் காரின் பக்கத்தில் நிறுத்தியிருந்தார்கள். யோகம்மா ஏறியதும் பார்க்கிங்கை ஒரு சுற்றுச் சுற்றி, திரும்ப அதே கதவில் இறக்கிவிடுவான். தினமும் இதே கூத்து.

"அக்கா, கம்பி தூக்குனப்பக்கூட முதுகு இப்பிடி வலிக்கல. கதவத் தொறந்து குனிஞ்சு குனிஞ்சு கூன் விழுந்துரும் போல" என்பான்.

"நீ குனியிறாய் தம்பி, நான் நிமிந்து நிக்கிறன். ரெண்டும் நோவுதான்" என்பாள் அவள்.

விழாத் தேதி தள்ளிப்போனது. சிறப்பு விருந்தினருக்கு வசதிப்படவில்லை. பிறகு அருள்ராஜின் பிறந்தநாளும் விழாவும் ஒரே நாளில் வந்தால் இரட்டைச் சிறப்பு என்று யாரோ சொல்ல, இன்னொரு தடவை தள்ளிப்போனது. ஒவ்வொரு தடவையும் யோகம்மா டிக்கெட் தேதியை மாற்றினாள். ஒவ்வொரு தடவையும் பாஸ்போர்ட் கேட்டாள்.

"ஐயா, அவளுக்கு மாசம் முட்டீட்டுது. கடவுச்சீட்டைத் தந்தீங்களெண்டால் நான் போயிட்டு ஓடி வந்திடுவன்."

"என்னம்மா இப்படிப் பேசுறீங்க? நீங்க போயிட்டா ஒத்திகை யார் செய்வா? ஒத்திகை இல்லாம விழா நடக்குமா? விழா நடக்கலைன்னா அந்தம்மாவோட அறுபது வருஷ உழைப்பு என்ன ஆகிறது? உங்க ஒரு குடும்பத்தை நினைக்கிறீங்க. நான் உலக சினிமாவை நினைக்கிறேன்."

இப்படிச் சொல்லிவிட்டு அவர் தோசை கேட்டார். அவள் போய்ச் சுட்டாள். வேறு என்ன செய்வாள்? வயிறெரிய எரிய மாவை ஊற்றினாள்.

ஒத்திகைகளோ வளர்ந்துகொண்டே போயின. வயதானவர், மேடையில் மயங்கி விழுந்தால்? மயக்க ஒத்திகை நடந்தது. யோகம்மா விழ வேண்டும், ஐந்து நிர்வாகிகள் தாங்க வேண்டும். ஆனால் தாங்குகிறவர்கள் முகம் கேமராவுக்குத் தெரிய வேண்டுமென்பதால் ஐவரும் ஒரே பக்கம் நின்றார்கள். அவள் மறுபக்கம் விழுந்து முழங்கை வீங்கியது. பயணத்துக்கு முன்பே காலமாகிவிட்டால்? அதற்கும் ஒரு ஒத்திகை. அம்மையாரின் படம் இன்னும் அச்சாகி வராததால் யோகம்மாவின் படத்துக்கு மாலை போட்டு, ஊதுபத்தி கொளுத்தி வைத்தார்கள். அவளை முன்வரிசையில் உட்காரவைத்து, அஞ்சலி கணீரென்று கேட்கிறதா என்று சொல்லச் சொன்னார்கள்.

அருள்ராஜ் தழுதழுத்தார். "அன்னாரின் மறைவு பேரவைக்கு ஈடுசெய்ய முடியாத இழப்பு. ஹால் புக் பண்ணிய பிறகு அவர் போயிருக்கக் கூடாது. ஆனாலும் நாங்கள் அவரை மன்னிக்கிறோம்."

"கேக்குதாம்மா?" என்றார் சரவணகுமார்.

"ஓம், நல்லாக் கேக்குது" என்றாள், தன் படத்து மாலையைப் பார்த்தபடி. அன்றைக்கு சிவரூபி ஆஸ்பத்திரியில் படுத்துவிட்டதாக ரஜிதன் தகவல் அனுப்பியிருந்தான்.

ஒருவழியாக விழா நாள் வந்தது. ரெமேதியோஸ் அம்மையார் கைத்தடியோடு காலையில் வந்திறங்கினார். மாநிறம், வெட்டிய நரைமுடி, யாரையும் அளந்து பார்க்கிற கண். மறுநாள் விடியலில் திரும்பிப் போக வேண்டும், ஊரில் ஷூட்டிங் இருந்தது. பேரவைக்கு வந்த முதல் அதிர்ச்சி, அவர் ஒத்திகையைப் போல இல்லை என்பது. இடது காலை முதலில் வைத்தார். பொன்னாடையை மடித்துக் கையில் வைத்துக்கொண்டார். கும்பிடச் சொன்னால் கை குலுக்கினார்.

"இவங்க சரியா வரலை சார்" என்று சரவணகுமார் கவலைப்பட்டார். "யோகம்மாதான் கரெக்டா செய்வாங்க."

"அப்ப அவங்களை விட்டு இவங்களுக்குச் சொல்லிக் கொடுங்க" என்றார் அருள்ராஜ்.

அப்படியாக ரெமேதியோஸ் அரியாகா எப்படி ரெமேதியோஸ் அரியாகாவாக நடந்துகொள்வது என்று கற்றுக்கொடுக்க, பருத்தித்துறை யோகம்மா மண்டபத்து ஒப்பனை அறைக்குள் அனுப்பப்பட்டாள்.

இருவருக்கும் பொதுவாக இருந்தது உடைந்த இங்கிலீஷ். யோகம்மா ஒன்பது வருஷம் வீட்டு வேலையில் பொறுக்கியது, அம்மையார் அறுபது வருஷம் விமான நிலையங்களில் பொறுக்கியது. அது போதுமாயிருந்தது.

"நீங்கள் நடிகையா?" என்று கேட்டார் அம்மையார்.

"இல்லை அம்மா. வீட்டு வேலை."

அம்மையார் கைத்தடியைத் தரையில் தட்டித் தட்டிச் சிரித்தார். பிறகுதான் தன் கதையைச் சொன்னார். முதல் படத்தில் அவருக்குக் கொடுத்த வேடம் தட்டேந்தி வருகிற வேலைக்காரி. இரண்டாவது படத்திலும் தட்டு. நிறம் கறுப்பு, மூக்கு கிராமத்து மூக்கு, ஆகவே கதாநாயகி வேடம் கிடையாது என்று தயாரிப்பாளர்கள் முகத்துக்கு நேராகச் சொன்னார்களாம். கதவு திறந்தார், தரை துடைத்தார், கதாநாயகிகள் அழும்போது பின்னால் நின்றார். முகத்தைக் காட்டவிடாததால் முதுகால் நடிக்கக் கற்றுக்கொண்டார். நாற்பது வயதுக்குப் பிறகு யாரோ ஒரு பத்திரிகைக்காரன், ஒரு படத்தில் அழுதது கதாநாயகி அல்ல, பின்னால் நின்ற வேலைக்காரியின் முதுகுதான் என்று எழுதினான். அதற்குப் பிறகு முகத்தைக் காட்டச் சொன்னார்கள். ஆனாலும் வேலைக்காரி வேடம்தான். கொஞ்சம் வசனம் கூடியது.

"அறுபது வருஷம் நான் உங்களாக நடித்தேன். நீங்கள் சில வாரமாக என்னாக நடிக்கிறீர்கள். எது சுலபம்?"

"உங்கட வேலைதான் அம்மா" என்றாள் யோகம்மா, ஒரு கணமும் யோசிக்காமல். "உங்களுக்கு ஆராவது கதவு திறந்து விடுகினம்."

அம்மையாருக்குச் சிரிப்பு அடங்க நேரமாயிற்று. இன்னொரு கதையும் சொன்னார். இளவயதில் ஒரு படப்பிடிப்பில், மழைக்காலம், அவருடைய தாய் கடைசி மூச்சில் இருந்தாள். தயாரிப்பாளர் வெளியே விடவில்லை. கேட்டில் காவல். காட்சியில் இவர் தட்டோடு கதவைத் தாண்டிப் போக வேண்டும், அவ்வளவுதான். கேமரா ஓடிக்கொண்டிருந்தது. இவர் கதவைத் தாண்டினார், முற்றத்தைத் தாண்டினார், கேட்டையும் தாண்டினார். பிரமாதமாக இருக்கிறது என்று டைரக்டர் ஓடவிட்டுக்கொண்டேயிருந்தாராம். தட்டோடு பஸ் ஏறிப் போய்விட்டார்.

"அம்மாவைக் கண்டீங்களா?"

"கண்டேன். அந்தத் தட்டில்தான் அவளுக்குக் கஞ்சி கொடுத்தேன்."

யோகம்மாவுக்குக் கண் நிறைந்துவிட்டது. அம்மையார் விடவில்லை, கேட்டுக் கேட்டு எல்லாவற்றையும் வாங்கிவிட்டார். மகள், கலைந்த இரண்டு, இரும்புப் பெட்டி, உலக சினிமா, தோசை. கேட்கக் கேட்க அவர் முகம் இறுகிப்போயிற்று. "இந்த மாதிரி முதலாளிகளின் வாசனை எனக்குத் தெரியும்" என்று மட்டும் சொன்னார்.

விழா ஆரம்பமானது. வரவேற்புரை, வாழ்த்துரை, நோக்கவுரை, அறிமுகவுரை, அறிமுகம் செய்தவரை அறிமுகம் செய்யும் உரை. அருள்ராஜ் பிறந்தநாள் கேக் வெட்டினார். அம்மையாரின் அறுபது வருஷ நடிப்பை இரண்டு நிமிஷப் படமாகத் தொகுத்திருந்தார்கள். அதில் முதல் நிமிஷம் பேரவையின் சாதனைகள். மீதியில் அம்மையார் திரும்பத் திரும்பக் கதவு திறந்தார்.

அருள்ராஜ் பேசினார்: "இந்த அம்மையார் அறுபது ஆண்டுகள் வேலைக்காரியாக வாழ்ந்து காட்டியவர். ஏழைப் பணிப்பெண்ணின் வலியை எனக்கு உணர்த்தியவர். அந்தக் காட்சிகளைப் பார்த்து நேற்று வீட்டில் நான் தேம்பித் தேம்பி அழுதேன். அழுத சத்தம் கேட்டு எங்கள் வீட்டுப் பணிப்பெண் ஓடிவந்து தண்ணீர் கொடுத்தார். அவரை நான் திட்டவில்லை!"

மண்டபம் அதிர்ந்தது.

பொன்னாடைகள் முடிந்து கேடயம் வந்தது. அம்மையார் அதை வாங்கவில்லை. மைக்கைப் பிடித்தார். எல்லோருக்கும் புரிகிற எளிய இங்கிலீஷில் சொன்னார்:

"அங்கே ஓரத்தில் நிற்கிற பெண்ணைப் பாருங்கள். பெயர் யோகம்மா. அவளுடைய மகள் ஆஸ்பத்திரியில் பிரசவத்துக்குக் கிடக்கிறாள். அவளுடைய பாஸ்போர்ட் இந்த மனிதரின் பெட்டியில் இருக்கிறது. அதைக் கொடுங்கள். இந்தப் பெண்ணை வீட்டுக்கு அனுப்புங்கள். அதுவரை இந்தத் தகட்டை நான் தொடமாட்டேன்."

இந்தா, பாஸ்போர்ட் வந்துவிட்டது என்று யோகம்மா நினைத்தாள்.

முன்வரிசையில் ஒருவர் எழுந்து கைதட்டினார். பிறகு வரிசை வரிசையாக எழுந்தார்கள். விசில் பறந்தது. அருள்ராஜ் கைக்குட்டையால் கண்ணைத் துடைத்துக்கொண்டே மைக்குக்கு வந்தார்.

"ஆகா! எழுதி வைக்காமல், மேக்கப் இல்லாமல், ஒரு நொடியில் பாத்திரமாகவே மாறிவிட்டாரே! நானே ஒரு கணம் பயந்துவிட்டேன். இதுவல்லவா நடிப்பு!"

"இது நடிப்பு அல்ல!" என்று அம்மையார் கைத்தடியால் மேடையை அடித்தார்.

கைதட்டல் இரண்டு மடங்காயிற்று. பொறுப்பாளர்கள் எல்லோரும் ஓடிவந்து அவரைச் சூழ்ந்து செல்ஃபி எடுத்தார்கள். கேடயத்தை ஒருவர் அவருடைய கையிடுக்கில் செருகிவிட்டார். நன்றியுரை தொடங்கிவிட்டது. அம்மையார் கூட்டத்துக்கு மேலாக யோகம்மாவைத் தேடிப் பார்த்து, இரண்டு கைகளையும் விரித்தார். போகும்போது அவளுடைய கன்னத்தைத் தட்டி, "இவர்களுக்குக் கண் இல்லை, கேமராதான் இருக்கிறது" என்று சொல்லிவிட்டு விமானம் ஏறப் போனார். கேடயத்தை ஒப்பனை அறையிலேயே வைத்துவிட்டிருந்தார்.

அந்த நன்றியுரை நடந்துகொண்டிருந்தபோதே பருத்தித்துறையில் குழந்தை பிறந்துவிட்டது. அறுவைச் சிகிச்சை. பெண்பிள்ளை. சிவரூபியின் குரல் போனில் கிணற்றுக்குள்ளிருந்து வருவதுபோல வந்தது.

"அம்மா, எனக்கு ஒண்டும் இல்லை. பிள்ளையும் சுகம். பேர் வைக்கேல்லை. முப்பத்தொண்டாம் நாள் துடக்குக் கழிவுக்காவது வாங்கோ. நீங்கள் தூக்கினாப் பிறகுதான் பேர்."

"வாறன் பிள்ளை" என்றாள் யோகம்மா. வாக்குக் கொடுத்த வாய், ஒரு கூடாரக்காரன் மூஞ்சிக்காகப் பொய்யாகிப்போயிற்றே என்று நெஞ்சு கொதித்தது.

மறுநாள் பாஸ்போர்ட் கேட்டுப் போனாள். விழாதான் முடிந்துவிட்டதே. அருள்ராஜின் அறையில் வேறு இழவு விழுந்திருந்தது. வீடியோக்காரர் நிஜாம் தலையைத் தொங்கப்போட்டு நின்றார். அம்மையார் பேசிய அந்த இடத்தில் குறுக்கே நின்று போனில் படமெடுத்தவர்களின் பின்மண்டைகள் மட்டுமே பதிவாகியிருந்தன. சத்தம் இருக்கிறது, ஆள் இல்லை. அபுதாபிக்காரர்களின் வயிற்றெரிச்சலுக்கு அந்தக் காட்சிதானே முக்கியம்?

"பிரச்சனையில்ல" என்றார் சரவணகுமார். "அதே தோள் நம்மகிட்ட இருக்கு. முதுகுப் பக்கமா வச்சு எடுத்துரலாம். குரலை மேல ஒட்டிக்கலாம்."

மூன்று பேரும் யோகம்மாவைத் திரும்பிப் பார்த்தார்கள்.

"ஐயா, விழா முடிஞ்ச அடுத்த நாள் எண்டு சொன்னனீங்கள்."

"வீடியோ வந்தாத்தானம்மா விழா முடிஞ்சதா அர்த்தம்" என்றார் அருள்ராஜ்.

வெள்ளிக்கிழமை மறுபடி அதே மண்டபம். யோகம்மாவுக்கு வெட்டிய நரைமுடி விக், அம்மையார் விழாவில் உடுத்தியதைப் போலவே ஒரு நீல உடை, கைத்தடி. நிஜாம் கேமராவை முதுகுக்குப் பின்னால் வைத்தார். பின்னாலிருந்து பார்த்தாலும் தாடை அசைவது தெரியும், ஆகவே வசனத்தையும் சொல்ல வேண்டும்.

"இந்தப் பொம்பிளையை வீட்டுக்கு அனுப்புங்கோ" என்றாள் யோகம்மா.

"கட்! கொஞ்சம் உணர்ச்சி பத்தலை" என்றார் நிஜாம்.

"இந்தப் பொம்பிளையை வீட்டுக்கு அனுப்புங்கோ!"

"இப்ப கோபம் கூடிப்போச்சு. அம்மையார்கிட்ட ஒரு கண்ணியம் இருந்தது. உங்க சொந்தப் பிரச்சனை மாதிரி பேசாதீங்க."

மூன்றாவது டேக், நான்காவது டேக். ஒரு தடவை அவள் நேராக அருள்ராஜின் முகத்தைப் பார்த்தே கேட்டாள். அவர் புல்லரித்துப்போய், "முன்னேறிட்டீங்கம்மா!" என்றார். யோகம்மாவுக்கு அந்தக் கைத்தடியால் ஒரு போடு போட்டால் என்ன என்று தோன்றியது. கையை அடக்கிக்கொண்டாள்.

காட்சி முடிந்தபோது அருள்ராஜுக்கு ஒரு குறை. "இவங்க கேக்கிறாங்க, நாம கொடுக்கலைன்னு முடிஞ்சா பேரவை கருணை இல்லாத மாதிரி தெரியுதே. தலைவர் எழுந்து வந்து, வெள்ளித் தட்டுல பாஸ்போர்ட்டை வச்சுக் கொடுக்கிறார்னு முடிச்சா?"

"கண்ணீர் வந்துரும் சார்" என்றார் சரவணகுமார். "என்னோட பழைய பாஸ்போர்ட் ஒண்ணு கிடக்கு, அதையே தட்டுல வச்சிரலாம்."

அருள்ராஜுக்கு வந்ததே கோபம். "போலியா? என் பேரவையில் போலியா? இத்தனை வருஷத்துல நாம போலியா எதையாவது செஞ்சிருக்கோமா? அசலையே கொண்டு வாங்கய்யா. குளோசப்ல இலங்கைச் சின்னம் தெரியணும்."

இரும்புப் பெட்டிச் சாவியோடு ஆள் ஓடியது. யோகம்மா கைத்தடியை இறுகப் பிடித்தபடி நின்றாள்.

தட்டு வந்தது. மேலே ஒரு பொன்னாடை, பொன்னாடைமேல் அவளுடைய பாஸ்போர்ட்.

"அம்மையார் வாங்குறாங்க, இறங்குறாங்க, வழக்கமான நடை, இடப்பக்கக் கதவு, கார்" என்றார் சரவணகுமார். "ஒரே ஷாட்ல போயிரலாம். ஞாபகம் இருக்கில்ல? கார் கதவு மூடுற வரைக்கும் யாரும் குறுக்க போகப்படாது."

"ஞாபகம் இருக்கு" என்றாள்.

கேமரா ஓடியது. அருள்ராஜ் இமையைச் சிமிட்டிக் கண்ணீரை வரவழைத்து, தட்டை நீட்டினார். அவள் பாஸ்போர்ட்டை எடுத்தாள். பக்கத்தைத் திறந்து தன் முகம்தானா என்று பார்த்தாள். கும்பிட்டாள். படியிறங்கினாள். இடது காலை முதலில் வைத்தாள், அம்மையாரைப் போல. கதவைத் தாண்டினாள். வெயிலில் கார் நின்றது. வைரவன் குனிந்து கதவைத் திறந்தான்.

"ஒரு ரவுண்டாக்கா?"

"இல்லைத் தம்பி. எயார்போட்."

வைரவன் அவளுடைய கையிலிருந்த பாஸ்போர்ட்டைப் பார்த்தான். மண்டப வாசலைப் பார்த்தான். அங்கே நிஜாம் கேமராவோடு பின்னாலேயே வந்துகொண்டிருந்தார்.

"உங்க பெட்டி?"

"அது கிடக்கட்டும். நான் தூக்கவேண்டியது அங்கை இருக்கு."

"யெஸ் மேடம்" என்றான் வைரவன். கதவை மூடி, ஓடிப்போய் சீட்டில் உட்கார்ந்தான். "சொன்ன எடத்துக்குப் போகணும், ஏன் எதுக்குன்னு கேக்கப்படாதுன்னு அவுகதானக்கா சொன்னாக."

பார்க்கிங்கைச் சுற்ற வேண்டிய கார் சுற்றவில்லை. நேராக ரோட்டில் ஏறியது. வாசலில் சரவணகுமார், "என்னது, ரவுண்டு எடுக்காம போறாங்க?" என்று கையைத் தூக்கினார்.

அருள்ராஜ் அவருடைய கையைப் பிடித்து இழுத்தார். "குறுக்கே போகாதய்யா! என்னமா வாழுது பாரு அந்தம்மா! நிஜாம், கட் சொல்லிராத, ஓடட்டும், ஓடட்டும்!"

நிஜாம் ஓடவிட்டுக்கொண்டேயிருந்தார். காருக்குள் யோகம்மா விக்கைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டு, போனை எடுத்து, வாறன் என்று சிவரூபிக்கு அனுப்பினாள். ஒரு தடவைகூடத் திரும்பிப் பார்க்கவில்லை. அவளுக்குச் சொல்லிக் கொடுத்திருந்தது அப்படித்தான்.